பக்கத்து வயலுக்கு நகர்ந்த பனைமரம்

புத்தி குழம்ப ஒரு மனிதனுக்குக் கல்யாணப் பேச்சே போதும். நான் போதாக்குறைக்கு நிலக்காட்சி ஓவியனாகவும் இருந்தேன்.

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து முப்பதுகளின் தொடக்கம். பட்டணத்தில் ஓவியம் படித்துவிட்டு மதுரைக்குத் திரும்பியிருந்தேன். கண்ணில் படுவதைப் பட்டபடியே வரைவதுதான் கலை என்று எதிர்ப்பட்டவர்களுக்கெல்லாம் பிரசங்கம் செய்த வயது. (கேட்டவர்கள் ஓடிவிட்டார்கள். ஓட முடியாமல் மாட்டியவர்கள் சொந்தக்காரர்கள்.) எழுமலையில் பெண் பார்த்தார்கள். பெண்ணுக்கு என்னைப் பிடித்திருந்தது. எனக்கு அவளை அதைவிட. அவள் அப்பாவுக்குத்தான் என் தொழில் பிடிபடவில்லை.

"படம் போடுறதுன்னா, சாமி படமா?"

"இல்லிங்க மாமா. வயல், மரம், வானம்..."

"அதான் வெளியிலயே கெடக்கே தம்பி. அத எதுக்குப் போடணும்?"

ஒளி, நிழல் என்று ஏதேதோ விளக்கிப் பார்த்தேன். கடைசியில் அவரே இரங்கி வந்தார். "எங்க வயலப் போட்டுக் காட்டுங்க. அச்சு அசலா இருந்தா தட்டு மாத்திக்கிருவோம்."

மறுநாள் காலையில் அவர் வயல் வரப்பில் படம் வைக்கும் மூன்று கால் தாங்கியை ஊன்றினேன். ஒரு கண்ணை மூடி, தூரிகையை நீட்டிப் பிடித்து, அங்கிருந்த ஒற்றைப் பனையை அளந்துகொண்டிருந்தபோது பக்கத்து வயல்காரர் மூச்சிரைக்க ஓடிவந்தார். கையில் பதநீர்.

"வெயில்ல நிக்கிறீகளே, குடிங்க எசமான்!"

ஓவியக் கலைக்கு எழுமலையில் இத்தனை மரியாதையா என்று திகைத்தேன். மதியம் கோழிக் குழம்போடு சோறு வந்தது. அவர் மனைவி வந்து கும்பிட்டுவிட்டுப் போனாள். (நானும் கும்பிட்டேன். எதற்கென்று தெரியவில்லை.) சாயங்காலம் அவர் என் காதருகே குனிந்தார்.

"எசமான், அந்தப் பனையக் கொஞ்சம் எங்க பக்கமாத் தள்ளிப் போட்டுருங்க. எல்லாம் ஒங்க கையிலதான் இருக்கு."

படத்தைப் பார்த்தேன். அட, மரம் அங்கே போனால் வானம் எவ்வளவு அழகாகத் திறக்கிறது! இந்தக் காட்டில் இப்படியொரு ரசிகரா? கொள்கையைக் காற்றில் விட்டுத் தள்ளிப் போட்டேன். அவர் கண் கலங்கினார்.

படத்தைக் கண்டதும் மாமாவின் முகம் கறுத்தது. "எங்க பனைய அந்தாளு வயலுக்குள்ள வச்சிருக்கீகளே! அந்த மரத்துக்குத்தானய்யா வருசக்கணக்கா கோர்ட்டுக்கு அலையிறோம்!"

அதே நேரம் வாசலில் பக்கத்து வயல்காரர். "சர்வேயரே அளந்து போட்டாச்சு! இனி அது எங்க பன!"

மூன்று கால் தாங்கி, மூடிய கண், நீட்டிய கை. எனக்கு அப்போதுதான் விளங்கியது.

"ஐயா, நான் சர்வேயர் இல்லை. ஓவியன்."

இதை யாரும் நல்ல செய்தியாக எடுத்துக்கொள்ளவில்லை.

"அப்பறம் எதுக்குய்யா எங்க வீட்டுக் கோழியத் தின்னே?" என்றார் அவர்.

"அப்பறம் எதுக்குய்யா மரத்தத் தள்ளுனே?" என்றார் மாமா.

கல்யாணம் கைவிட்டுப் போயிற்று என்று வண்ணப் பெட்டியை மூடினேன். கதவுக்குப் பின்னாலிருந்து பெண்ணின் குரல் வந்தது.

"அப்பா, பழைய எடத்துலயும் ஒரு மரத்தப் போடச் சொல்லுங்க. அதுவும் இருக்கட்டும், இதுவும் இருக்கட்டும். ஆளுக்கு ஒண்ணு."

போட்டேன். இருவரும் ஆளுக்கொரு மரத்தை விரலால் சுட்டிச் சரிபார்த்தார்கள். பிறகு பக்கத்து வயல்காரர் தம் வயலுக்குப் போய், படத்தில் மரம் நின்ற இடத்திலேயே ஒரு பனங்கொட்டையைப் புதைத்தார். வழக்கு வாபஸ் ஆயிற்று. மாமா என்னை முதல்முறையாக "மாப்ள" என்றார்.

அதன் பிறகு மதுரையைச் சுற்றி நான் வரையாத கண்மாய் இல்லை. படங்கள் கண்காட்சிகளில் தொங்கின. உள்ளதை உள்ளபடி வரைபவன் என்று பத்திரிகையில்கூட எழுதினார்கள். அதை யாராவது விருந்தாளி வீட்டில் சத்தமாக வாசித்தால், என் மனைவி காபியை வைத்துவிட்டுச் சாவகாசமாகக் கேட்பாள்:

"ஆமா, எங்கப்பா வயல் படத்துல ரெண்டாவது மரத்த யாரு நட்டுக் குடுத்தது?"