வரிசையில் ஒரு மெட்டு

அந்த நாட்டுத் தொலைக்காட்சியில் யார் செத்தாலும் ஒரே மெட்டில்தான் சாக வேண்டும். மாமியார் செத்தாலும் மருமகள் செத்தாலும், பற்பசை விளம்பரத்தில் ஒரு பல் விழுந்தாலும் கூட, ஒரு புல்லாங்குழல் மூச்சை இழுக்கும். பின்னாலேயே வயலின்கள் கூடிக்கொண்டு அழும்.

அதைப் போட்டவர் அழுகை மாஸ்டர். இளமையில் ஏதோ ஒரு தொடருக்காகச் சாப்பாட்டு இடைவேளையில் அவசரமாகப் போட்டது. அதற்குப் பிறகு அவர் என்ன போட்டாலும், "நல்லாத்தான் இருக்கு மாஸ்டர், ஆனா அந்த மாதிரி இல்லையே" என்றார்கள். தலை நரைக்கும்வரை அந்த மாதிரியே போட்டுக்கொண்டிருந்தார். கண்ணை மூடுவதற்குள் தன் பெயரில் வேறு ஒரு மெட்டு ஊர் காதில் விழ வேண்டும் என்பது ஒன்றுதான் அவருடைய ஆசை.

அப்போது சினிமா வாய்ப்பு வந்தது. இயக்குநர் இளைஞர், எடிட்டிங் அறையின் இருட்டிலும் கறுப்புக் கண்ணாடியைக் கழற்றாதவர். நாயகியின் அப்பா சாகும் காட்சியை ஓட்டிக் காட்டினார். இசை வந்து சேரும்வரை காட்சி மௌனமாக இருக்கக் கூடாதென்று, வேறெங்கோ எடுத்த இசையை மாதிரிக்கு அடியில் ஒட்டிவைப்பது அந்தத் தொழிலின் வழக்கம். ஒட்டியிருந்தது அதே புல்லாங்குழல்.

"இதே மாதிரி வேணும் மாஸ்டர். ஆனா இது வேணாம்."

"தம்பி, இது நான் போட்டதுதான்."

"எல்லாரும் அப்படித்தான் சொல்றாங்க."

மாஸ்டரின் மனைவி துணி மடிக்கும்போது வாய்க்குள் ஏதோ முனகுவாள். என்னவென்று கேட்டால் நிறுத்திவிடுவாள். மாஸ்டர் கதவுக்குப் பின்னால் நின்று அதைக் களவாடி, செல்லோ என்னும் பெரிய வயலின் ஒன்றுக்கு மட்டும் எழுதினார். பதிவின்போது வாசித்தவரே வில்லைக் கீழே வைத்துவிட்டு மூக்கைச் சிந்தினார்.

எந்தப் படத்தின் இசையும் இசை ஒப்புதல் வாரியத்தைத் தாண்டியாக வேண்டும். அதன் ஒப்புமை அலுவலர் கண்ணை மூடிக் கேட்டார்.

"அருமை சார். ஆனா எதோடயும் ஒத்துப்போகலையே."

"புதுசுங்க."

"அதான் சிக்கல். மாதிரியோட எழுபது சதவீதம் ஒத்துப்போகணும். மேல போனா திருட்டு. கீழ போனா, அது இசைதான்னு நாங்க எப்படி நம்புறது?"

மாஸ்டர் கோபத்தில் பழைய மெட்டையே கொண்டுபோய்க் கொடுத்தார். நூறு சதவீதத் திருட்டு என்று தீர்ப்பாயிற்று.

"மூல இசையமைப்பாளர் சம்மதிச்சா விட்டுடலாம்."

"மூலமே நான்தாங்க!"

"அப்ப இன்னும் மோசம். பறிகொடுத்தவரே திருடனோட கூட்டுச் சேர்ந்தா, நாங்க யாரைத்தான் காப்பாத்துறது?"

கடைசியில் புல்லாங்குழலை எடுத்துவிட்டுக் கிளாரினெட்டை வைத்தார். எழுபது வந்தது. அப்பாவும் வழக்கம்போலச் செத்தார். நிராகரிக்கப்பட்ட செல்லோ மெட்டு, விதிகளின்படி, வாரியத்தின் உடைமையாயிற்று.

பிறகொரு நாள், மாஸ்டரின் அடையாள அட்டையைப் புதுப்பிப்பது பற்றி விசாரிக்க மனைவி வாரியத்துக்கு ஃபோன் செய்தாள். அவள் முகம் மாறியது.

"ஏங்க, இவங்க ஃபோன்ல நான் முனகுறது வருது."

மாஸ்டர் வாங்கிக் கேட்டார். செல்லோ. ஒவ்வொரு அடி முடிவிலும் ஒரு பெண் குரல்: "உங்கள் அழைப்பு எங்களுக்கு முக்கியமானது. தயவுசெய்து வரிசையில் காத்திருக்கவும்."

"ஒட்டுக்கேட்டீங்களா?"

"ஆமா."

"நல்லாத்தான் இருக்கு." அவள் முகத்தைத் திருப்பிக்கொண்டாள். "நடுவுல வர்றவ யாரு?"

மெட்டு இலவசம் என்று தெரிந்ததும் மற்ற அலுவலகங்களும் வாங்கிக்கொண்டன. மின்சாரம் போனவரும் குழாயில் தண்ணீர் வராதவரும் அதையே கேட்டார்கள். ஊர் காதில் விழுந்துவிட்டது, பெயர்தான் இல்லை. மாலையில் கணவனும் மனைவியும் வாரியத்துக்கு ஃபோன் போட்டு, நடுவில் வைத்துக் கேட்பார்கள். யாராவது எடுத்துத் தொலைத்தால் ஏமாற்றமாக இருக்கும்.

அந்த இயக்குநர் அடுத்த படத்துக்கு வந்தார். இந்த முறை அம்மா சாகிறாள். அடியில் ஒட்டியிருந்தது செல்லோ.

"ஃபோன்ல கேட்டேன் மாஸ்டர், தூங்கவிடல. இதே மாதிரி வேணும்."

"இதையே தர்றேன். என் பேரைப் போடுங்க. அந்தக் குரலை மட்டும் எடுத்துடலாம்."

"ஐயோ! உயிரே அந்தக் குரல்லதானே இருக்கு!"

பெயரா, குரலா என்று மாஸ்டர் தவித்தார். பிறகு தலையாட்டினார். தனக்கே சொந்தமான மெட்டில் திருட்டு நிகழ வாய்ப்பில்லை என்று வாரியமும் பெருந்தன்மையோடு ஒப்புதல் அளித்தது.

முதல் நாள். திரையில் மாஸ்டரின் பெயர் வந்தபோது மனைவி அவர் கையைக் கிள்ளினாள். அம்மாவின் கடைசி மூச்சில் செல்லோ எழுந்தது. "உங்கள் அழைப்பு எங்களுக்கு முக்கியமானது" என்றது குரல். அரங்கமே தேம்பியது. முன்வரிசையில் ஒப்புமை அலுவலர் கைக்குட்டையைப் பிழிந்தார்.

"இனிமே துணி மடிக்கிறப்ப நான் எதைங்க முனகுறது?" என்று மனைவி கேட்டாள்.

படம் முடிந்தது. விளக்குகள் எரிந்தன. வெள்ளைத் திரைக்குப் பின்னால் செல்லோ மட்டும் ஓடிக்கொண்டிருந்தது. ஒருவரும் எழுந்திருக்கவில்லை. காவலாளி கதவைத் திறந்து, "முடிஞ்சுதுங்க, கிளம்பலாம்" என்றார்.

"சும்மா இருப்பா," என்றது கூட்டத்திலிருந்து ஒரு குரல். "இன்னும் யாரும் எடுக்கலையே."

மாஸ்டரும் உட்கார்ந்துதான் இருந்தார்.