சுத்துக்கை அண்ணாச்சி எடுத்த அசையாத படம்

நடப்பதைப் படமெடுக்கிறவர்கள் உண்டு. நடக்காததை ஜோடித்துப் படமெடுக்கிறவர்களும் உண்டு. நடப்பதையே நடக்காததுபோல எடுத்துக் காட்டியவர் பூமியில் ஒருவர்தான். பேசாப்படக் காலத்தில், இருபதுகளின் கடைசியில், எங்கள் சின்னக்கானல் தேயிலைத் தோட்டத்துக்கு வந்து சேர்ந்தார். கைப்பிடியைச் சுற்றிச் சுற்றிப் படமெடுத்ததால் பெயர் 'சுத்துக்கை'. சொந்தப் பெயர், தினமும் ஆட்களின் பேர் பதிந்த கணக்கப்பிள்ளை எனக்கே தெரியாது.

படமெடுக்கும் பெட்டி தோட்டத்துத் துரையுடையது. சீமையிலுள்ள முதலாளிகளுக்குத் தோட்டத்து வேலையை உள்ளபடி காட்ட வேண்டும். படம் பிடித்துப்போனால் பெட்டி சுத்துக்கைக்கே சொந்தம் என்பது வாக்கு. அவர் அதைக் கட்டிக்கொண்டுதான் தூங்கினார். ஆனால் கொடுத்த ஆறு சுருளில் ஐந்தை மூடுபனி ஏறி இறங்குவதற்கே செலவழித்தார்.

"அண்ணாச்சி, இதுல தேயில எங்க?" என்றேன்.

"பனிக்குப் பின்னால இருக்கு."

ஐப்பசி மழை விட்ட வியாழக்கிழமை, காலை எட்டரைக்கு, மிச்சச் சுருளோடு கொழுந்துக் காட்டுக்குப் போனார். பெண்கள் கல்யாணச் சேலையில் வந்திருந்தார்கள். போடியில் போட்டோ பிடித்துக்கொண்ட அனுபவசாலிகள். பெட்டியைக் கண்டதும் முப்பது பேரும் கூடையோடு சிலையானார்கள்.

"அசையுங்க தாயி, இது அசையுற படம்."

"அசஞ்சா மொகம் கலஞ்சிரும்லா" என்றாள் பேச்சி, உதடு பிரியாமல். "சீக்கிரம் புடிங்க அண்ணாச்சி, மூச்சு முட்டுது."

பெட்டியில் கண்ணை வைத்துப் பார்த்தார். "இதுவும் நல்லாத்தான் இருக்கு" என்று சுருள் தீரும்வரை சுற்றினார்.

மதராஸில் கழுவி வந்த படத்தை ஒரு மாலை பங்களாவில் போட்டார்கள். திரையாக விரித்த போர்வையின் ஒரு முனை என் கையில். பெண்கள் வராந்தாவில். ஐந்து சுருள் பனிக்கும் கொட்டாவி விட்ட துரை ஆறாவதில் நிமிர்ந்தார்.

"ஒருத்தரும் வேலை செய்யலே. அன்னிக்கு எல்லாருக்கும் அரைப் பேர் போடு" என்றார் என்னிடம். பாதி நாள் கூலி போயிற்று. வராந்தாவில் பெண்கள் எழுந்துவிட்டார்கள்.

சுத்துக்கை எழுந்தார். "அவங்க கிள்ளிக்கிட்டேதான் இருந்தாங்க துரை. என் கைதான் நின்னுபோச்சு. ஒரே படம் திரும்பத் திரும்ப விழுந்திருக்கு."

அந்த நேரம் பார்த்துப் படத்துக்குள் கங்காணியின் நாய் திரையின் இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிக்கு நிதானமாக நடந்தது.

"நாய் எப்படி நடக்குது?"

"அது ரொம்ப வேகமான நாய், துரை."

"சுத்தத் தெரியாத ஆளுக்குப் பெட்டி எதுக்கு?" என்று துரை அதை வாங்கி அலமாரியில் பூட்டினார். முப்பது பேருக்கும் முழுப் பேர் தப்பியது.

வாசலில் பேச்சி மறித்தாள். "எங்களுக்காகவா பெட்டியக் குடுத்தீய?"

"அது கனம் தாயி. தோள் காப்புக் காச்சிருச்சு."

அவரை என் வீட்டுக்குச் சாப்பிடக் கூட்டிவந்தேன். அவரால் உட்கார முடியவில்லை, சுற்றிப் பழகிய வலது கை வேலையில்லாமல் தவித்தது. வட்டவடைப் பூண்டு ஒரு படி இருந்தது. உரிக்கச் சொல்லி அவர் கையில் கொடுத்தேன். குழம்புக்கு எட்டுப் பல் போதும். அத்தனையையும் அவர் உரித்து முடிக்கட்டும் என்று, அடுப்பு மூட்டாமல் உட்கார்ந்திருந்தேன்.