சம்மதத்தை வாபஸ் வாங்குகிறேன்

ராயபுரம், ஆஸ்பத்திரிக் கட்டிலிலிருந்து,
செவ்வாய்க்கிழமை.

அன்புள்ள மருமகள் ஜானட்டுக்கு, உன் அம்மாவின் அண்ணன் பெனிட்டோ எழுதிக்கொள்வது. இயேசுவுக்கே புகழ். இங்கே என்னையும் என் வலது காலையும் தவிர எல்லோரும் சுகம். உன் அத்தை அடைக்கலமேரி, உன் சுகத்துக்காக மாதாவுக்கு மெழுகுவர்த்தி ஏற்றியிருக்கிறாள்.

நோயாளிகளின் உரிமை பற்றி நீ எடுக்கிற ஆவணப்படத்திலிருந்து என்னை விட்டுவிடம்மா. எப்போது வேண்டுமானாலும் விலகலாம், காரணம் சொல்லத் தேவையில்லை என்று சொல்லித்தான் கையெழுத்து வாங்கினாய். ஆனாலும் சொல்கிறேன், சொல்லாவிட்டால் எனக்குத் தூக்கம் வராது. முதல் நாள் வீட்டுக்கு வந்தபோது, இரைச்சல் பதிவாகிறது என்று உன் ஆட்கள் ஃபேனை நிறுத்தினார்கள், ஃபிரிட்ஜை நிறுத்தினார்கள், போகும்போது ஃபேனை மட்டும் போட்டுவிட்டுப் போனார்கள். வஞ்சிரமும் என் இன்சுலினும் சேர்ந்தே கெட்டுப்போயின. அப்புறம் "படம் எடுக்கச் சம்மதம்" என்று கேமராவைப் பார்த்துச் சொல்லச் சொன்னாய், சொன்னேன், கோயில் மணி அடித்தது, மறுபடி சொன்னேன், துறைமுகத்து லாரி ஹாரன் அடித்தது, மறுபடியும் சொன்னேன். என் கல்யாணத்தில்கூட ஃபாதர் ஒரே தடவைதான் கேட்டார். முகத்தை மங்கலாக்கிவிடுகிறேன் மாமா என்றாய், அதற்கு உன் அத்தை, "டீவில திருடனுக்குத்தான் மூஞ்ச மறைப்பாங்கோ. உன்னிய அப்டி காட்னா நா எப்டி பூசைக்குப் போறது?" என்று கேட்டவள்தான், இன்றுவரை என்னிடம் முகம் கொடுத்துப் பேசவில்லை.

ஆஸ்பத்திரியில் அதைவிடப் பேஜார். நீ கேமராவோடு வந்த அன்று டாக்டர் ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்ந்து, என் காலைக் கையில் பிடித்து, "ஐயா, சர்க்கரைப் புண் ஆறலைன்னா கட்டைவிரலை எடுக்கவேண்டி வரலாம். உங்களைக் கேக்காம எதுவும் செய்யமாட்டோம்" என்று அன்பாகப் பேசிக்கொண்டே போனார். முடிப்பதற்குள் என் இட்லி ஆறிப்போச்சு. பக்கத்துக் கட்டில் கௌசர் பாய்க்கும் அதே புண்தான். "இன்னா நைனா, உன் கால டாக்டரு குந்திகினு பாக்குறாரு. என் காலு இன்னா பாவம் பண்ணிச்சு?" என்று கேட்டார். எனக்கு வெட்கமாகப் போய்விட்டது. களைத்துவிட்டேன் அம்மா. இனிமேல் படம் வேண்டாம். சம்மதத்தை வாபஸ் வாங்குகிறேன்.

மாதா உன்னையும் உன் கேமராவையும் காக்கட்டும். அம்மாவுக்கு என் அன்பைச் சொல்.

இப்படிக்கு,
மாமா பெனிட்டோ

பி.கு.: கடிதத்தை மடிப்பதற்குள் டாக்டர் வந்தார். கேமரா இல்லை, அதனால் ஸ்டூலும் இல்லை. கேஸ் ஷீட்டைப் பார்த்து, "நாளைக்கு எடுத்துடலாம்" என்றார். விரலையா, பாதத்தையா டாக்டர் என்று கேட்டேன். அதற்குள் அவர் கௌசர் பாயையும் தாண்டிப் போய்விட்டார். பயமாக இருக்கிறது ஜானட். தபாலை நம்பினால் கால் போய்விடும் என்று, நர்ஸ் ஜஸீமா இதைத் தன் போனில் படம் பிடித்து உனக்கு அனுப்புகிறார். நாளைக் காலை டாக்டர் வருவதற்கு முன்னால் வந்துவிடு. பெரிய கேமராவையே கொண்டு வா. கௌசர் பாய் கட்டிலும் தெரிகிற மாதிரி வை. சம்மதம் எத்தனை தடவை வேண்டுமானாலும் சொல்கிறேன்.