பரிகாரக் குச்சி

அந்த ஊரில் காவல் காப்பவர்கள் கல் மனிதர்கள். பாலத்துக்கு ஒருவர், ஊர்வாசலுக்கு ஒருவர், தானியக் கிடங்குக்கு ஒருவர் என்று, கல்லாகவே பிறந்து, பேசவும் சிரிக்கவும் சண்டை போடவும் தெரிந்தவர்கள். மூளையும் உண்டு. அதை யாராவது பயன்படுத்தினார்களா என்பதுதான் கதை.

கொஞ்ச நாளாக வாசலில் காவல் இல்லை. கிடங்கில் எலிகள் குடும்பத்தோடு விருந்து சாப்பிட்டன. ஒருத்தியைத் தவிர அத்தனை காவலர்களும் சந்தைத் தெருவில் வரிசையில் நின்றார்கள். ரேகையார் வந்திருக்கிறாராம். உடம்பில் ஓடும் விரிசலைப் பார்த்தே நடந்ததையும் நடக்கப்போவதையும் புட்டுப்புட்டு வைக்கிறாராம்.

ரேகையார் சதையும் எலும்புமான மனிதர்தான். சதை சற்று அதிகம். ஒரு பாறைமேல் உட்கார்ந்து, வந்தவரின் விரிசலைத் தடவி, கண்ணை மூடிப் பெருமூச்சு விடுவார். "உனக்கு நேரம் சரியில்லையே" என்பார். யாருக்குத்தான் நேரம் சரியாக இருக்கிறது? உடனே பரிகாரம். காய்ந்த மரக்குச்சி ஒன்றை மந்திரம் சொல்லி விரிசலுக்குள் அடித்து இறக்குவார்.

"தினமும் தண்ணி ஊத்து. பாவம் கரையும். கரையாம விரிசல் பெருசாச்சுன்னா, உன் பாவம் அவ்வளவு பெருசுன்னு அர்த்தம். மறுபடியும் வா."

காணிக்கை ஒரு விரல். மறுபடியும் வந்தால் ஒரு காது. எல்லோரும் மறுபடியும் வந்தார்கள். விரலும் காதும் மூக்குமாகச் சேர்ந்து ரேகையாருக்கு ஒரு மாடி வீடு எழும்பிக்கொண்டிருந்தது. இத்தனை கல் எங்கிருந்து வருகிறது என்று ஒருவரும் கேட்கவில்லை.

காவலை விட்டு நகராத அந்த ஒருத்தி, பாலத்தைக் காக்கும் பாலத்தக்கா. ஒரு சாயங்காலம் அவளுடைய தம்பி, ஊர்வாசல் காவலன், நெஞ்சைக் கையால் மூடிக்கொண்டு வந்து நின்றான்.

"அக்கா, நாளைக்கு ஒரு குடம் தண்ணி ஊத்தினதும் நான் ரெண்டாயிடுவேனாம்."

"யாருடா சொன்னது?"

"ரேகையார்தான். விதி முடிஞ்சிருச்சாம். ஆனா நல்ல மனுஷன்க்கா. என் ரெண்டு பாதியையும் அவர் வீட்டு முகப்புல தூணா நிறுத்திக்கறேன்னு வாக்கு குடுத்திருக்காரு."

அக்கா அவன் கையை விலக்கிப் பார்த்தாள். போன மாதம் மயிரிழையாக இருந்த விரிசலில் இப்போது அவள் கட்டைவிரல் நுழைந்தது. நடுவில் அந்தக் குச்சி, ஊறிப் பருத்து, சம்மணம் போட்டு உட்கார்ந்திருந்தது.

"முதல்ல இதைப் பிடுங்கு."

"ஐயோ, பிடுங்கினா அந்த நிமிஷமே செத்துடுவேனாம்."

"எனக்கும்தான் முதுகுல பிறந்ததுலேர்ந்து விரிசல் இருக்கு. அது ஏன் பெருசாகல?"

"நீ புண்ணியம் பண்ணவ."

"நான் குச்சி வெக்காதவ. ஏன்டா, மழை பெஞ்சா உன் வாசக்கதவு என்ன ஆகும்?"

"ஊதிக்கும். தோளைக் குடுத்து இடிச்சாத்தான் மூடும்."

"அது என்ன பாவம் பண்ணுச்சு?"

"அது மரம்க்கா. தண்ணி குடிச்சா ஊ..." தம்பி பாதியில் நிறுத்தினான். குனிந்து தன் நெஞ்சைப் பார்த்தான். ஆனால் பயம் லேசில் விடுமா? "இது மந்திரம் சொல்லி அடிச்ச குச்சியாச்சே" என்றான்.

மறுநாள் காலை தம்பியையும் அவன் குடத்தையும் இழுத்துக்கொண்டு அக்கா வரிசையின் முன்னால் போய் நின்றாள்.

"ஐயா, நீங்க உக்காந்திருக்கற பாறையிலயும் ஒரு விரிசல் ஓடுதே. அதுக்கும் பலன் சொல்வீங்களா?"

கூட்டம் சிரித்தது. ரேகையாரும் சிரித்தார். "இது வெறும் பாறைம்மா. உயிரில்லாததுக்கு ஏது பாவம், ஏது விதி?"

"அப்ப உங்க குச்சிய இதுல அடிச்சுத் தண்ணி ஊத்தினா ஒண்ணும் ஆகாதில்ல?"

ரேகையாரின் சிரிப்பு பாதியில் நின்றது. "மந்திரம் வீணாப் போகும்."

"போகட்டும். காணிக்கையா என் வலது கையையே தர்றேன்."

முழுக் கை! கூட்டம் வாயைப் பிளந்தது. "அடிங்கய்யா, அடிங்க" என்று பக்தர்களே நெருக்கினார்கள். மறுத்தால் மானம் போகும். அடித்தார். தம்பி தன் நெஞ்சில் ஊற்ற வேண்டிய குடத்தை அக்கா வாங்கிப் பாறையில் ஊற்றினாள். காயக் காய மறுபடியும் ஊற்றினாள்.

"சாப்பிட்டு வந்துடறேன்" என்று ரேகையார் நைசாக எழுந்தார். தானியக் கிடங்கின் காவலர் கிடங்கு மாமா அவர் தோளைப் பிடித்துப் பாறையிலேயே உட்கார வைத்தார். காத்திருப்பது காவலர்களுக்குக் கைவந்த கலை. ரொம்ப நாளைக்குப் பிறகு அன்றுதான் அவர்கள் ஒழுங்காகக் காவல் காத்தார்கள்.

பொழுது சாயும்போது படீரென்று ஒரு சத்தம். பாறை இரண்டாகப் பிளந்து கிடந்தது. நடுவில் ரேகையார், காலிரண்டும் வானத்தைப் பார்க்க.

கிடங்கு மாமா உச்சுக்கொட்டினார். "ஐயோ பாவம், இந்தப் பாறை போன பிறவியில என்ன பண்ணிச்சோ."

இவரை வைத்துக்கொண்டு என்ன செய்வது?

"மாமா, உயிரில்லாததுக்குப் பாவம் ஏதுன்னு காலையில சொன்னது யாரு?" என்றாள் அக்கா.

மாமா யோசித்தார். பழக்கமில்லாத வேலை, நெற்றி வலித்தது. "இவருதான்."

"அப்ப பாறையைப் பொளந்தது எது?"

"குச்சி... குச்சியும் தண்ணியும்."

தம்பி தன் நெஞ்சுக் குச்சியைப் பிடித்தான். அக்கா அந்தக் கைமேல் தன் கையை வைத்தாள். இருவருமாக இழுத்தார்கள். குச்சி வந்துவிட்டது. தம்பி சாகவில்லை, முழுசாக நின்றான். அக்கா அழுதாள். கல் அழுமா என்று கேட்காதீர்கள், தம்பி பிழைத்தால் அழும்.

பிறகு எல்லோரும் ரேகையார் வீட்டுக்கு ஓடினார்கள். "சன்னலுக்குக் கீழ இருக்கறது என் மூக்கு", "படியில கெடக்கறது என் காது" என்று ஒரே அமளி. இடுப்பைப் பிடித்தபடி ஊரைவிட்டு நழுவப் பார்த்த ரேகையாரை ஊர்வாசலில் தம்பி மறித்தான். "எல்லாத்தையும் நீங்களே சுமந்து, அவங்கவங்க கையில குடுத்துட்டுப் போங்க."

இத்தோடு ஊர் திருந்தியது என்று நினைத்தீர்களா? மறுநாள் காலை பாலத்தின்மேல் நீண்ட வரிசை. முதல் ஆளாகக் கிடங்கு மாமா.

"அம்மாடி, இனிமே எங்க விரிசலுக்கெல்லாம் நீதான் பலன் சொல்லணும்."

அக்கா அவரை மேலும் கீழும் பார்த்தாள்.

"விரல் கேட்டான், குடுத்தீங்க. காது கேட்டான், குடுத்தீங்க. தலைய மட்டும் அவன் கேக்கவே இல்ல, கவனிச்சீங்களா? உள்ள ஒண்ணுமில்லாத கல்லு வீட்டைத் தாங்காதுன்னு நெனச்சிருப்பான். அவன் நெனச்சது தப்புன்னு காட்டுங்க மாமா. போய் யோசிங்க."