ஒரு பேஸ்பால் ஆட்டமும் நான் போட்ட ஊரடங்கும்

உலகத்திலேயே எனக்குச் சொல்லக் கடினமான சொல் 'தெரியாது' என்பதுதான். நான்கே எழுத்து. இருந்தும் இருபத்தாறு வயது வரை அது என் வாயிலிருந்து ஒரு தடவைகூட வெளியே வந்ததில்லை. யாராவது வழி கேட்டால், நான் போகாத ஊருக்கும் வழி சொல்வேன். காய்ச்சல் என்றால் மருந்து சொல்வேன். (தெல்தெனியவுக்குப் போக வேண்டிய ஒரு குடும்பத்தைக் கலஹா பஸ்ஸில் ஏற்றி அனுப்பியவனும் நான்தான். நல்ல மனிதர்கள், திரும்பி வந்து அடிக்கவில்லை.)

இப்போது இதைச் சொல்ல வைத்தவன் என் பேரன். கனடாவிலிருந்து விடுமுறைக்கு வந்தவன், ஒரு காலையில் எங்கள் சமையலறையில் உட்கார்ந்து, கைபேசியைச் சீனிப் போத்தலில் சாய்த்து வைத்து, எங்கோ நடக்கும் பேஸ்பால் ஆட்டத்தை நேரடியாகக் கேட்டுக்கொண்டிருந்தான். ஒரு விரல் பட்டால் போதும். வேண்டுமென்றால் படம், வேண்டாமென்றால் வர்ணனை மட்டும். ஓர் அணியின் வர்ணனையாளர் பிடிக்கவில்லை என்றால் மற்ற அணிக்காரருக்கு மாறிக்கொள்ளலாம். "தாத்தா, உங்களுக்கு பேஸ்பால் தெரியுமா?" என்று அவன் கேட்டதுதான் தாமதம், அடுப்படியில் நின்ற என் மனைவி பத்மா சிரிக்கத் தொடங்கினாள். தோசை கருகும் வரை நிறுத்தவில்லை.

அது பேக்கரி வாசலில் பாண் ரொட்டிக்கு வரிசையில் நின்ற காலம். கண்டி டவுனில் ஓர் அரசாங்க அலுவலகத்தில் நான் கோப்பு எழுதும் இலிகிதர். வீடு மஹய்யாவையில். அலுவலக நேரம் போக, எங்கள் தெருக் கோயிலின் மைக் செட்டுக்கு நானே பொறுப்பு. எனக்கு பியூஸ் கட்டத் தெரியும், கம்பி முறுக்கத் தெரியும். இந்த இரண்டும் தெரிந்ததால் மின்சார சாஸ்திரம் முழுவதும் தெரியும் என்று நானும் நம்பினேன், ஊரும் நம்பியது.

டாம் என்ற அமெரிக்கன் அந்த அலுவலகத்துக்கு ஏதோ பத்திரத்தில் முத்திரை குத்தி வாங்க வந்தான். என் வயதுதான் இருக்கும். மண் ஆராய்ச்சிக்காக வந்து, கலஹாப் பக்கம் ஒரு தோட்டத்துப் பங்களாவில் தங்கியிருந்தான். என் மேசையில் நான் பிரித்துப் போட்டிருந்த ரேடியோவைக் கண்டதும் முத்திரையை மறந்துவிட்டான்.

"இது சிற்றலை எடுக்குமா?" என்று ஆங்கிலத்தில் கேட்டான்.

"உலகம் முழுவதையும் எடுக்கும்" என்றேன் நானும் ஆங்கிலத்திலேயே.

கதிரையை இழுத்துப் போட்டு உட்கார்ந்து விஷயத்தைச் சொன்னான். அவர்கள் நாட்டில் பேஸ்பால் இறுதிப் போட்டிகள் நடந்துகொண்டிருந்தன. அடுத்த வாரம் கடைசி ஆட்டம். அவனுடைய அப்பா ஆஸ்பத்திரியில் இருந்தார். இனி வீடு திரும்ப மாட்டார் என்று டாக்டர்கள் சொல்லிவிட்டார்கள். ஐந்து வயதிலிருந்து ஒவ்வொரு வருடமும் அப்பாவும் மகனும் அந்த ஆட்டத்தை ரேடியோவில் சேர்ந்து கேட்டிருக்கிறார்கள். கடல் கடந்து பேச டிரங்க் கோல் பதிந்துவிட்டு நாள்கணக்கில் காத்திருக்க வேண்டும். "அவர் அங்கே கேட்கும் அதே நேரத்தில் நான் இங்கே கேட்டால் போதும். நான் கேட்பேன் என்று அவருக்குத் தெரியும்" என்றான். வெளிநாட்டிலுள்ள அமெரிக்கச் சிப்பாய்களுக்கென்று ஒரு சிற்றலை ஒலிபரப்பு இருந்தது. ஆட்டம் அதில் வரும். அங்கே இரவு ஆட்டம், நமக்குக் காலை ஆறு மணி. ஆனால் கலஹாப் பள்ளத்தில் அவன் ரேடியோவில் இரைச்சலைத் தவிர ஒன்றும் வருவதில்லை.

வேறு யாராக இருந்தாலும் "பார்ப்போம்" என்று சொல்லியிருப்பார்கள். நான், "பேஸ்பாலா? எனக்கு உயிராயிற்றே" என்றேன்.

"எந்த அணி உங்களுடையது?"

"நன்றாக விளையாடுகிற அணி."

டாம் என்னை ஏற இறங்கப் பார்த்தான். பிறகு என் கையைப் பிடித்துக் குலுக்கினான். ஆழம் தெரியாமல் காலை விடுவது என்பார்கள். நான் தலைகீழாகவே குதித்துவிட்டேன்.

நவராத்திரி நேரம். கோயிலின் இரண்டு ஹோர்ன் ஸ்பீக்கர்களும் தெரு மேட்டிலிருந்த பலா மரத்தில் கட்டியிருந்தன. கோயிலுக்குப் பின்னால் தகரக் கூரை போட்ட மைக் அறையிலிருந்து அந்த மரம் வரை கம்பி ஓடியது. அந்தக் கம்பியோடு என் ரேடியோவின் ஏரியல் கம்பியையும் சேர்த்துப் பின்னினேன். கண்டியில் அதைவிட உயரமான ஏரியல் யாரிடமும் இருக்கவில்லை. அத்தோடு நிறுத்தியிருக்கலாம். ரேடியோவின் சத்தம் குறைவு என்று தோன்றவே, அதை அம்பிளிபயரில் கொடுத்து, அங்கிருந்து அறைக்குள் இருந்த சிறிய பெட்டி ஸ்பீக்கருக்கு எடுத்தேன். அம்பிளிபயரில் இரண்டு சுவிட்சுகள்: ஒன்று ஹோர்னுக்கு, மற்றது பெட்டிக்கு. ஹோர்ன் சுவிட்சை மறக்காமல் அணைத்தேன். (அதற்கு முந்தைய மாதம் அந்த அம்பிளிபயரைத் திறந்து பழுது பார்த்தவன் நானே. அப்போது இரண்டு கம்பிகளையும் இடம் மாற்றிப் பூட்டியவனும் நானே.)

ஆட்டத்தன்று டாம் முதல் பஸ்ஸிலேயே வந்துவிட்டான். கட்டம் போட்ட இரண்டு தாள்களும் இரண்டு பென்சில்களும் கொண்டுவந்திருந்தான். ஆட்டத்தைக் கேட்டுக்கொண்டே ஒவ்வொன்றையும் குறித்துக்கொள்வது அவனுக்கு அப்பா பழக்கிய பழக்கமாம். "ஓர் அணியை நீங்கள் குறியுங்கள்" என்று ஒரு தாளை என்னிடம் நீட்டினான். நான் வாங்கிக்கொண்டேன். அலுவலகத்து வரவுப் பதிவேட்டில் போடுவதுபோல, ஒரு கட்டத்தில் சரி, ஒரு கட்டத்தில் புள்ளி என்று நம்பிக்கையோடு போட்டுக்கொண்டே போனேன்.

வெளியே நல்ல மழை. தகரத்தில் அது கொட்டிய கொட்டில் வெளிச் சத்தம் எதுவும் காதில் விழவில்லை. ஊசியை மெல்ல நகர்த்தினேன். விசில், கரகரப்பு, யாரோ பாடியது, பிறகு திடீரென்று மூக்கால் பேசும் ஓர் அமெரிக்கக் குரல். டாம் கண்ணை மூடிக்கொண்டான். அப்போது எனக்கு உண்மையிலேயே பெருமையாக இருந்தது.

பெட்டி ஸ்பீக்கரில் மட்டும் சத்தம் வரவில்லை. அம்பிளிபயரைக் கூட்டினேன். இன்னும் கூட்டினேன். கடைசி வரை திருகிவிட்டு, "ஸ்பீக்கருக்கு ஈரம் பிடித்துவிட்டது" என்று தீர்ப்புச் சொன்னேன். இருவரும் ரேடியோவின் சின்ன ஸ்பீக்கரில் காதை ஒட்டிவைத்துக் கேட்டோம். பெட்டிக்கு வராத சத்தம் வேறெங்கே போகிறது என்று நான் யோசிக்கவே இல்லை.

அது மஹய்யாவை முழுவதற்கும் போய்க்கொண்டிருந்தது. விடியற்காலையில் ஊரை எழுப்பும் ஒலிபெருக்கியில் ஒருவன் அவசர அவசரமாக, மூச்சுவிடாமல் ஆங்கிலம் பேசுகிறான். அவனுக்குப் பின்னால் ஆயிரக்கணக்கில் ஜனம் கத்துகிறது. முன்பெல்லாம் பொலிஸ் ஜீப்பில் அப்படி அறிவித்ததால், எங்கள் ஊருக்கு ஒலிபெருக்கி ஆங்கிலத்தின் அர்த்தம் ஒன்றுதான்: ஊரடங்கு. அதில் யாருக்கும் சந்தேகம் வரவில்லை. எதற்காக ஊரடங்கு என்பதில்தான் கருத்து வேறுபாடு. அரசாங்கம் கவிழ்ந்தது என்றார்கள் சிலர், யுத்தம் என்றார்கள் சிலர். வேலைக்குக் கிளம்பியவர்கள் திரும்பினார்கள். பிள்ளைகளை உள்ளே இழுத்துக் கதவைச் சாத்தினார்கள். மற்றவர்கள் பேக்கரிக்கு ஓடினார்கள். அரைமணி நேரத்தில் பாண் இல்லை, மாவு இல்லை, மெழுகுதிரிகூட இல்லை.

மைக் அறைக் கதவு தடதடவென்று தட்டப்பட்டது. திறந்தால் கோயில் தலைவர் சுப்பையா, குடையோடு. அவருக்குப் பின்னால் நாற்பது பேராவது நனைந்துகொண்டு நின்றார்கள்.

"தம்பி, எத்தன மணிக்கு எடுக்கிறாங்களாம்?"

"எதங்க?"

"கர்பியூவ."

"என்னா கர்பியூங்க?"

அவர் என் கையைப் பிடித்து வெளியே இழுத்தார். பலா மரத்து உச்சியிலிருந்து ஓர் அமெரிக்க மைதானமே மஹய்யாவையின் மேல் கொட்டிக்கொண்டிருந்தது. அவ்வளவு தெளிவான சிற்றலை ஒலிபரப்பை நான் அதற்கு முன்னும் கேட்டதில்லை, பின்னும் கேட்டதில்லை.

"இது பேஸ்பாலுங்க" என்றேன்.

"அப்புடீன்னா?"

"வெளாட்டுங்க. நம்ம எல்லே மாதிரி. மூங்கில் தடிக்குப் பதிலா வேற தடி."

சுப்பையா மெதுவாகத்தான் பேசினார். "எல்லேக்கா நான் வேலைக்குப் போகாம வந்து நிக்கிறேன்?"

கூட்டத்தின் முன்வரிசையில், சேலைத் தலைப்பால் எதையோ மூடிப் பிடித்தபடி பக்கத்துத் தெருப் பெண் ஒருத்தி நின்றாள். அதுவரை நான் அவளோடு பேசியதில்லை. "அப்ப நான் இந்த நாலு பாண என்னா செய்றது?" என்று கேட்டாள். (அவள்தான் பத்மா. பதில் சொல்ல எனக்கு மூன்று வருடமும் ஒரு தாலியும் தேவைப்பட்டன.)

டாம் பென்சிலோடு வெளியே வந்தான். மரத்தைப் பார்த்தான், ஜனத்தைப் பார்த்தான், விஷயம் விளங்கிவிட்டது. மன்னிப்புக் கேட்டு, காரணத்தையும் சொன்னான். அதைத் தமிழில் சொல்ல வேண்டியவன் நான். எனக்கு வசதியாக மாற்றிச் சொல்லும் எண்ணம் வந்தது உண்மை. ஆனால் அவன் முகத்தைப் பார்த்தபோது முடியவில்லை. அவன் அப்பாவைப் பற்றி அவன் சொன்னதை அப்படியே சொன்னேன்.

சுப்பையா குடையை மடக்கினார். "தொரயோட அப்பா இப்ப அங்க கேட்டுக்கிட்டு இருக்காரா?"

"ஆமாங்க. இந்த நிமிசந்தான்."

"இன்னும் எவ்வளவு இருக்கு?"

டாம் இரண்டு விரலைக் காட்டினான். இரண்டு சுற்று.

"அப்ப ஹோர்ன மட்டும் நிப்பாட்டு தம்பி. தொர கேட்டு முடிக்கட்டும். பூசைய அதுக்கப்புறம் வைப்போம்."

அவ்வளவு பெரிய மனசு அவருக்கு. நான் செய்ய வேண்டியது ஒரு சுவிட்சைத் தட்டுவதுதான். ஆனால் நாற்பது பேர் பார்த்துக்கொண்டிருக்கிறார்கள், நானோ மைக் தம்பி. ஹோர்ன் கம்பியை எட்டிப் பிடித்து ஒரே இழுப்பாக இழுத்தேன். ஹோர்ன் நின்றது. அதோடு பின்னியிருந்த ஏரியலும் மரத்திலிருந்து அறுந்து என் தலையில் விழுந்தது. உள்ளே ரேடியோவில் வெறும் இரைச்சல்.

மழையில் மரமேறி மறுபடி கட்டினேன். சீனம் வந்தது, அரபு வந்தது, அந்த மூக்குக் குரல் மட்டும் வரவே இல்லை. டாம் நிரப்பாத கட்டங்களைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தான்.

"டாம், எனக்குத் தெரியாது" என்றேன். வாழ்க்கையில் முதல் தடவை. "பேஸ்பாலும் தெரியாது, அம்பிளிபயரும் தெரியாது."

என் தாளிலிருந்த சரிகளையும் புள்ளிகளையும் அவன் பார்த்தான். "பேஸ்பால் தெரியாது என்பது எனக்கு முதல் சுற்றிலேயே தெரியும்" என்றான். பிறகு, "பரவாயில்லை. அப்பா கேட்டிருப்பார். யார் ஜெயித்தது என்று அவரே சொல்லட்டும்" என்றான்.

டிரங்க் கோல் கிடைக்க மூன்று நாளானது. அதற்குள் யாரோ ஆட்டத்தின் முடிவைச் சொல்ல வந்தபோது அவன் காதைப் பொத்திக்கொண்டான். தபால் கந்தோருக்கு நானும் போனேன். கண்ணாடிக்கு வெளியே நின்று பார்த்தேன். பேசத் தொடங்கியவன் சட்டென்று நிறுத்தினான். பிறகு கையை ஆட்டி ஆட்டி வேகமாகப் பேசினான், சிரித்தான். லைன் போன பிறகும் ரிசீவரை வைக்காமல் நின்றான்.

"அப்பா அன்றைக்கு ஆட்டம் கேட்கவில்லை" என்றான் வெளியே வந்து. "மருந்து கொடுத்ததில் தூங்கிவிட்டாராம். என் மகன் கேட்டிருப்பான், அவன் சொல்வான் என்று, மூன்று நாளாக யாரையும் சொல்லவிடாமல் காத்திருந்திருக்கிறார். எடுத்ததும், யார் ஜெயித்தது என்று கேட்டார்."

"நீ என்ன சொன்னாய்?"

"நானும் அதையேதான் கேட்டேன். மிச்சம் இரண்டு நிமிடம் இருந்தது. உங்கள் ஊரடங்கைச் சொன்னேன்."

அந்த மாதமே அவன் அப்பா இறந்துவிட்டதாகத் தந்தி வந்தது. டாம் ஊருக்குப் போய்விட்டான். அப்பனுக்கும் மகனுக்கும் இருந்த கடைசி ஆட்டத்தைக் கெடுத்தவன் நான்.

எங்கள் வீட்டில் இந்தக் கதையைச் சொல்பவள் பத்மா. அவள் சொல்லச் சொல்ல நாலு பாண் ஆறாகி, இப்போது பதினொன்றில் நிற்கிறது. பேரனுக்கும் அப்படித்தான் சொன்னாள். ஆனால் இதே கதை அமெரிக்காவில் இன்னொரு வீட்டிலும் உலாவுகிறது. டாம் போய்ச் சில மாதங்களில் கடிதம் எழுதினான். கடைசி நாட்களில் அவன் அப்பா வார்டுக்கு வந்த ஒவ்வொரு தாதியையும் நிறுத்தி இதைச் சொல்லிச் சிரித்தாராம். ஆனால் இரண்டு நிமிட டிரங்க் கோலில் என் பெயர் எங்கோ விழுந்துவிட்டது. அவர் சொன்னதெல்லாம், ஆசியாவில் ஒரு நகரம் முழுவதையும் என் மகன் ஒரு ரேடியோவை வைத்தே வீட்டுக்குள் பூட்டிவிட்டான் என்றுதானாம். திருத்துவதற்கு நேரம் கிடைக்கவில்லை, மன்னித்துவிடுங்கள் என்று டாம் எழுதியிருந்தான்.

திருத்த வேண்டாம், அந்த ஊரடங்கைப் போட்டது நீதான் என்று அன்றே பதில் எழுதிப் போட்டேன்.