துளிக்கூட கோதுமை இல்லை

என்றும் என் மரியாதைக்குரிய அக்காவுக்கு,

தம்பி எழுதிக்கொள்வது. இங்கே எல்லோரும் சௌக்கியம், குளியலறையில் வழுக்கி விழுந்து மாவுக்கட்டு போட்டிருக்கும் என் வீட்டுக்காரியின் வலது மணிக்கட்டைத் தவிர. அத்தானின் மூட்டுவலி குறைந்திருக்கும் என்று நம்புகிறேன்.

உங்கள் மருமகன், அதான் என் பையன், தானாகப் பார்த்துக்கொண்ட பெண் எப்படி என்று கேட்டிருந்தீர்கள். போன ஞாயிறு பெண்ணும் அவள் அப்பாவும் சாப்பிட வந்தார்கள். அவர் பல் வைத்தியர். அடுத்தவர் வாயைத் திறக்கச் சொல்லியே பழகியவர், தன் வாயைத் திறக்கமாட்டார். இரண்டு சம்பந்தம் கைகூடாமல் போன பிறகு இது மூன்றாவது என்பதால் இதிலாவது ஒரு குறையும் வந்துவிடக் கூடாது என்று எங்களுக்குக் கவலை. பெண்ணுக்கு டம்ப்ளிங் என்கிற சீனக் கொழுக்கட்டை என்றால் உயிராம், ஆனால் கோதுமை ஆகாதாம். இதைப் பையனிடம் போனில் விசாரித்துச் சொன்னது என் வீட்டுக்காரி. செய்யவேண்டியது நான்.

"எனக்கு வெந்நீர் போடவே தெரியாதே," என்றேன்.

"கையிலதான் கட்டு, வாயில இல்ல. நான் சொல்றேன், நீங்க செய்யுங்க," என்று சமையலறை வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்துவிட்டாள்.

உள்ளே நம் மசாலா, வெளியே வேறு ஊர்ச் சட்டை என்பது அவள் திட்டம். கொத்துக்கறியில் இஞ்சி, பூண்டு, சீரகம், மிளகு, கரம் மசாலா, அதோடு சோயா சாஸ். வாசனையில் குறையில்லை. சட்டைதான் தகராறு. அரிசி மாவில் பச்சைத் தண்ணீர் விட்டேன், வறண்ட ஏரி மாதிரி வெடித்தது. கொதிக்கிற தண்ணீர் விட்டேன், உள்ளங்கை வெந்தது. வேகவைத்து மூடியைத் திறந்தால் அத்தனையும் வாயைப் பிளந்துகொண்டு நின்றன. "சம்பந்தியோட நோயாளிங்க மாதிரி இருக்கு," என்றாள். கடைசியில் மரவள்ளி மாவைப் பாதிக்குப் பாதி கலந்து பிசைந்ததும் மாவு வசத்துக்கு வந்தது. காயாமலிருக்க ஈரத்துணி போட்டு மூடச் சொன்னாள். அவசரத்தில் நான் நனைத்தது விருந்தாளிகளுக்காகத் தேய்த்து வைத்திருந்த என் சட்டை. ஆக, அவர்கள் வந்தபோது வாசலில் பனியனோடு நின்றேன்.

வைத்தியர் கூடத்தில் உட்கார்ந்து மின்விசிறியைப் பார்த்தார். பெண் நேராகச் சமையலறைக்கு வந்துவிட்டாள்.

"பயப்படாதேம்மா. இந்த வீட்டுல துளிக்கூட கோதுமை கிடையாது," என்றேன்.

"ரொம்ப கஷ்டம்தான் அங்கிள்," என்று பரிவோடு சொன்னவள், மேடையிலிருந்த சோயா சாஸ் பாட்டிலைத் திருப்பினாள். முகம் மாறியது. "அங்கிள், இதுல கோதுமை சேர்த்திருக்கு."

அக்கா, அச்சகத்தில் மெய்ப்புத் திருத்தியே தலை நரைத்தவன் நான். அடுத்தவன் விட்ட காற்புள்ளியைக் கண்டுபிடித்தவன், குண்டூசித் தலையளவு எழுத்தில் இருந்த அந்த ஒரு வார்த்தையைப் படிக்கவில்லை. வீட்டுக்கு வந்த பெண்ணைச் சாய்க்கப் பார்த்தேனே என்று தலையில் அடித்துக்கொண்டேன். அவளோ என் கையைப் பிடித்து உட்காரவைத்தாள். "இன்னும் யாரும் சாப்பிடலையே, விடுங்க. காளான் இருக்கா?" இருந்தது. கறியைத் தூக்கி ஓரமாக வைத்துவிட்டு அவள் காளானை நறுக்கி வதக்க, நான் பாத்திரமெல்லாம் கழுவி மறுபடி மாவு பிசைய, அப்போதுதான் வந்து சேர்ந்த பையன் பக்கத்தில் நின்று வெங்காயம் இல்லாமலேயே கண் கலங்கினான். சத்தம் கேட்டு வைத்தியர் வந்தார். சட்டைக் கையை மடித்துவிட்டு டம்ப்ளிங்கை எடுத்துக் கொசுவ ஆரம்பித்தார். ஒவ்வொரு மடிப்பும் பல்வரிசை மாதிரி. ஒன்றுகூட வாயைத் திறக்கவில்லை.

மேஜையில் மூன்றாவதை மென்று விழுங்கிவிட்டு அவர் முதல்முறையாகப் பேசினார்: "கல்யாணத்த எப்ப வச்சுக்கலாம்?"

பெண் தங்கம். உடம்புதான் மென்மை. ஆகவே கல்யாணச் சாப்பாட்டில் கோதுமையே கூடாது என்று சமையல்காரரிடம் கண்டிப்பாகச் சொல்லிவிட்டேன். அவர் முனகினார், நான் மசியவில்லை. நீங்களும் அத்தானும் பத்து நாள் முன்பே வந்து நின்று நடத்திக்கொடுக்க வேண்டும். பெரியவர்களுக்கு என் வணக்கம், குழந்தைகளுக்கு ஆசி.

தங்கள் அன்புத் தம்பி.

பி.கு.: உறையை ஒட்டப் போகும்போது மருமகள் போன் செய்தாள். "மாமா, உங்க வயிறு இப்ப எப்படி இருக்கு? கோதுமை ஆகாத உடம்போட அன்னிக்கு எவ்வளவு சிரமப்பட்டீங்க." எனக்கா, உனக்குத்தானேம்மா என்றேன். "எனக்கா? நான் தினம் காலையில ரொட்டிதானே சாப்பிடறேன்." பையனைப் பிடித்து உலுக்கினோம். அம்மா போனில் கேட்டதற்கு, "அவங்க வீட்டுச் செல்லத்துக்கு மட்டும் கோதுமை ஆகாது" என்றுதான் அவன் சொன்னானாம். செல்லம் அவர்கள் வீட்டு நாய். சமையல்காரரிடம் மன்னிப்புக் கேட்க வீட்டுக்காரி போயிருக்கிறாள். வருகிற ஞாயிறு செல்லத்தையும் கூட்டி வருகிறார்களாம். நான் மரவள்ளி மாவு வாங்கக் கிளம்புகிறேன்.