எலி எந்தப் பக்கம் சுற்றியது

புதுச்சேரி,
23.6.1981

அன்புள்ள அக்கா அஞ்சலாட்சிக்கு,

தம்பி கோவிந்தராசு வணங்கி எழுதுவது. இங்கே நான் நலம். எலியும் நலம். திண்டிவனத்தில் நீயும் மாமாவும் பிள்ளைகளும் நலமாகத்தான் இருப்பீர்கள் என்று வைத்துக்கொண்டு விஷயத்துக்கு வருகிறேன். கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. அத்தனை சந்தோஷம்.

எலி சுற்றிவிட்டது, அக்கா. கல்யாணமும் கூடிவிட்டது. இரண்டும் ஒரே எலியால்.

அங்கே என்னடா வேலை பார்க்கிறாய் என்று நீ கேட்கும்போதெல்லாம் ஆராய்ச்சி என்று சொல்லித் தப்பித்துவந்தேன். இன்றைக்குச் சொல்லிவிடுகிறேன். மூளையில் டோபமைன் என்ற பொருளைச் சுரக்கும் நரம்பு செல்கள் உண்டு. நாம் கை காலை அசைப்பது அவற்றின் தயவில். அவை இல்லாவிட்டால் என்ன ஆகும் என்று தெரிய, அவற்றை மட்டும் கொல்ல வேண்டும். பக்கத்துச் செல்லுக்குக் கீறல் விழக் கூடாது. அதற்கென்று ஒரு நஞ்சு. பெயர் 6-ஹைட்ராக்சி டோபமைன். பார்க்க டோபமைன் மாதிரியே இருக்கும். செல் தன் ஆள் என்று நினைத்து, தானே உள்ளே இழுத்துக்கொள்ளும். பிறகு சாகும். இதை நினைக்கும்போதெல்லாம் எனக்கு உடம்பு சிலிர்க்கிறது. சிலிர்ப்பது சரியா, தெரியவில்லை.

அடுத்த அறை அரிகிருஷ்ணன், செரடோனின் என்ற இன்னொரு பொருளைச் சுரக்கும் செல்களுக்கு வேறொரு நஞ்சு வைத்திருக்கிறான். அவனுடைய எலிகள் காரணமில்லாமல் கோபிக்கின்றன. அவன் விரலில் எப்போதும் கட்டு. என் எலி சாது. மூளையின் இடப் பக்கத்தில் மட்டும் நஞ்சு. இரண்டு வாரம் கழித்து ஆம்ஃபிடமின் என்ற மருந்தை ஊசி போட்டால், செத்த பக்கமாகவே, இடமாகவே, வட்டம் சுற்ற வேண்டும். சுற்றினால் எனக்குப் பட்டம்.

அந்த நஞ்சுக்கு வெளிச்சம் ஆகாது, காற்று ஆகாது, சூடு ஆகாது, கெட்டால் சிவந்துவிடும், எலிக்கு அதைச் செலுத்துகிற அன்றைக்குப் பார்த்துக் கரண்ட் போய், ஃபிரிட்ஜ் ஒழுகி, நான் சைக்கிளை எடுத்துக்கொண்டு கடற்கரைக் குருசுக்குப்பத்துக்கு ஓடி, மீன் பெட்டிக்கு ஐஸ் உடைத்துக்கொண்டிருந்த ஒரு அம்மாவிடம் கெஞ்ச, "எந்த மீனுக்குப்பா?" என்று அவங்க கேட்க, "எலிக்கு" என்று நான் சொல்ல, "இதுக்குத்தான் இவ்ளோ படிச்சியா சாமி" என்று பரிதாபப்பட்டு ஒரு கட்டி கொடுக்க, கோரிமேட்டில் எங்கள் காலேஜுக்கு வந்து சேர்வதற்குள் அதில் பாதி என் சட்டையில். நஞ்சு சிவக்கவில்லை. நான்தான் நாறினேன்.

மாமாவின் ஒன்றுவிட்ட அண்ணன் ஆதிமூலம், தன் மகள் தனக்கொடியை எனக்குக் கொடுப்பதற்கு முன் என் வேலையைக் கண்ணால் பார்க்க வேண்டும் என்று உன்னிடம் சொன்னாரே. வந்தார். சரியாக எலி சுற்ற வேண்டிய நாளில். கையில் வெற்றிலை, கதம்பம், ஒரு சீப்பு பழம். கூடவே தனக்கொடி. டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் வேலை முடிந்து நேரே வந்திருந்தாள். எனக்குப் பிடித்துவிட்டது, அக்கா. காரணம் எழுதத் தெரியவில்லை. சிரிக்காமல் எலியைப் பார்த்தாள். அதுவாக இருக்கலாம்.

நஞ்சைப் பற்றி விளக்கினேன்.

"அதாவது, ஒறவுக்காரன் மாதிரி உள்ள பூந்து வூட்டையே கொளுத்திடும்?" என்றார் ஆதிமூலம்.

"அதேதான் மாமா! அதேதான்!"

அவர் என்னை மேலும் கீழும் பார்த்தார். நான் பெண் கேட்கிறவன் என்பது அந்த நிமிஷம் எனக்கு நினைவில் இல்லை.

"சரி, எலி இப்ப என்னா பண்ணும்?"

"வட்டம் சுத்தும் மாமா."

அவர் செருப்பைக் கழற்றினார். "புள்ளையார் வாகனம். வலமா சுத்துச்சின்னா பொண்ணு உனக்கு. இடமா சுத்துச்சின்னா மன்னிச்சுக்க தம்பி."

"அப்பா, இது காலேஜு" என்றாள் தனக்கொடி.

"இருக்கட்டுமே. அவரு எங்கதான் இல்ல?"

ஊசி ஏற்கெனவே போட்டாகிவிட்டது. இடம் சுற்றினால் பட்டம். வலம் சுற்றினால் பெண். எனக்கு இரண்டும் வேண்டும். எலிக்கு ஒரே உடம்பு.

எலி முகர்ந்தது. தலை சாய்த்தது. இடமாக. ஒரு வட்டம். மறுபடி. மறுபடி. வாலைத் துரத்துவதுபோல் நிற்காமல். "சுத்துது! சுத்துது!" என்று நான் குதித்தேன். அரிகிருஷ்ணன் ஓடி வந்து கட்டிக்கொண்டான். திரும்பிப் பார்த்தால் ஆதிமூலம் பழச் சீப்போடு வாசலைத் தாண்டிவிட்டார். தனக்கொடி மட்டும் நின்றாள்.

"அதுக்கு வலிக்குதா?"

"இல்லன்னு நெனைக்கிறேன்."

"நெனைக்கிறீங்களா?" போய்விட்டாள்.

மறுநாள்தான் எனக்கு உறைத்தது. அபோமார்ஃபின் என்று இன்னொரு மருந்து. அதே எலிக்குக் கொடுத்தால் நேர் எதிர்ப் பக்கம் சுற்றும். அடுத்த வாரம் எப்படியும் செய்ய வேண்டிய சோதனை. ஆதிமூலத்தைக் கூப்பிட வேண்டும் என்று மட்டும் எந்தப் புத்தகத்திலும் இல்லை. சாரம் என்கிற பேட்டையில் இருக்கும் அவர் வீட்டுக்கே போனேன். "மாமா, அன்னைக்கு எலிக்கு மனசு சரியில்ல. இன்னொரு தரம் வந்து பாருங்க."

"புள்ளையாரு ரெண்டு தரம் சொல்லுவாரா?" என்று முறைத்தார். ஆனால் நேற்று வந்தார். எலி வலம் வந்தது பார், பிராகாரம் சுற்றுவதுபோல! ஆதிமூலம் கன்னத்தில் போட்டுக்கொண்டார். எலிக்குப் பழம் உரித்து வைத்தார். "ஆவணியிலயே வச்சிக்கலாம் மாப்ள" என்றார். ஊசி வேறு என்று நான் சொல்லவில்லை. அவர் கேட்கவில்லை. தனக்கொடி மேஜைமேல் இருந்த மருந்துக் குப்பிகளின் பெயர்களைப் படித்துக்கொண்டிருந்தாள். எவ்வளவு ஆர்வம்!

ஆகவே நீ ஜவுளிக்குப் புறப்படலாம். மாமாவுக்கு வணக்கம். பிள்ளைகளுக்கு முத்தம். எலிமேல் ஏறி வருகிறவர் உங்கள் எல்லாரையும் நன்றாக வைக்கட்டும்.

உன் பிரியமுள்ள தம்பி,
கோவிந்தராசு

பி.கு.: மேலே எழுதியதை நம்பாதே. ஜவுளி வாங்காதே. உறையை ஒட்டும்போது டிபார்ட்மென்ட் போன் அடித்தது. தனக்கொடி.

"ரெண்டு நாளும் ஒரே ஊசியா?"

"இல்ல."

"அப்பாகிட்ட சொன்னீங்களா?"

"இல்ல."

பிறகு சொன்னாள்: "இடமா சுத்துனப்ப குதிச்சீங்களே, அன்னைக்கே நான் வூட்ல சரின்னு சொல்லிட்டேன். அப்பாவ நானே வழிக்குக் கொண்டாந்திருப்பேன். வலமா சுத்த வச்சீங்க பாருங்க, இப்பத்தான் யோசனையா இருக்கு."

வைத்துவிட்டாள்.

ஊசி மாற்றியதைச் சொன்னால் அவர் பெண் தரமாட்டார். சொல்லாவிட்டால் இவள் வரமாட்டாள். சொல்வதற்குத்தான் சாரம் கிளம்பிக்கொண்டிருக்கிறேன். கடிதம் கண்டதும் பஸ் ஏறு. மாமா வேண்டாம், நீ மட்டும்.